செக் வழக்கை இணங்கி முடிக்கும்போது எழுத மறப்பவை

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். காசோலை மோசடி என்றால் ஆளைப் பிடித்தார்கள், பிணையில் விட்டார்கள், விளக்கமறியலில் வைத்தார்கள் என்ற செய்திகள் பத்திரிகைகளில் வருகின்றன. அந்த வழக்கு பிறகு என்னவானது என்று யாரும் எழுதுவதில்லை. அநேகமாக, இரண்டு பகுதியும் நீதிமன்ற விறாந்தையில் நின்று கதைத்து, கொஞ்சக் காசு கைமாறி, வழக்கு கைவாங்கப்பட்டிருக்கும், அதாவது போட்டவரே மீளப் பெற்றிருப்பார். அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் அப்படி முடித்த வழக்குகளில் கொஞ்சம் ஆறு மாதத்துக்குள் மறுபடி முளைக்கின்றன. காரணம் இணக்கம் அல்ல, இணக்கத்தை எழுதிய விதம். பல இடங்களில் எழுதவே இல்லை.

திருகோணமலை மாவட்டத்தின் வியாபாரம் பின்திகதியிட்ட செக்கில் ஓடுவது. கந்தளாய், கிண்ணியா நெல், மூதூர் மீன், மத்திய வீதிக் கடைகளின் சீமெந்தும் கம்பியும், நிலாவெளி விடுதிகளின் கட்டட வேலை எல்லாம் அப்படித்தான். ஆகவே இதைக் கொஞ்சம் விபரமாக எழுத இடம் தருவீர்கள் என்று நம்புகிறேன்.

முதலில் சட்டம். காசு இல்லை, அல்லது போதாது என்று தெரிந்துகொண்டே செக் எழுதுவது 1990ஆம் ஆண்டின் 2ஆம் இலக்க கடன் அறவீட்டுச் சட்டத்தின் 25ஆம் பிரிவின் கீழ் குற்றம். சட்டத்தின் பெயரைப் பார்த்து வங்கிகளுக்கு மட்டும் உரியது என்று நினைக்க வேண்டாம், இந்தப் பிரிவு கடைக்காரருக்கும் பொருந்தும். பிரிவு எழுதப்பட்டபடி தண்டனை ஒரு வருடம் வரை சிறை, அல்லது 10,000 ரூபா, செக் தொகையின் 10 வீதம் ஆகிய இரண்டில் கூடியது எதுவோ அந்தத் தண்டப்பணம், அல்லது இரண்டும். இதில் பலர் கவனிக்காத இடம் ஒன்று உண்டு. தண்டப்பணம் அரசாங்கத்துக்குப் போகும், செக்கை வைத்திருப்பவருக்கு அல்ல. 800,000 ரூபா செக்குக்கு 80,000 தண்டம் விதித்தால், முறைப்பாட்டாளரின் கைக்கு அதில் ஒரு சதமும் வராது. நட்டஈடு கொடுக்கும்படி நீதவான் தனியாகக் கட்டளையிடலாம், அது அவர் தீர்மானம். ஆளைச் சிறைக்கு அனுப்பினால் கடையும் பூட்டு, கடனும் பூட்டு. இணங்கிப் போவதற்கு இரக்கம் தேவையில்லை, கணக்குத் தெரிந்தால் போதும்.

எதிரிக்கும், அதாவது செக்கை எழுதிக் குற்றஞ்சாட்டப்பட்டவருக்கும், அப்படித்தான். “தெரிந்துகொண்டே” என்ற சொல்தான் வழக்கின் முதுகெலும்பு. உத்தரவாதமாகக் கொடுத்த செக், காசில்லை என்று இருவருக்கும் தெரிந்தே பின்திகதியிட்ட செக், கையொப்பம் பொருந்தாமல் திரும்பிய செக் என்றெல்லாம் வாதங்கள் வரும். சில எடுபடும், சில எடுபடாது. தீர்ப்பு எந்தப் பக்கம் விழும் என்று இரு தரப்புச் சட்டத்தரணிகளுக்குமே உறுதி இல்லாத நேரம்தான் பேசுவதற்கு நல்ல நேரம்.

யூரியூப்பைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லியே ஆக வேண்டும். தமிழ்நாட்டுச் சட்டத்தரணிகள் செக் வழக்குப் பற்றி நன்றாகவே விளக்குகிறார்கள், எங்கள் ஆட்களும் விடிய விடியப் பார்க்கிறார்கள். 30 நாளுக்குள் நோட்டீஸ், பிறகு 15 நாள் அவகாசம், அதற்குப் பிறகு ஒரு மாதத்துக்குள் வழக்கு என்பது இந்திய மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138ஆம் பிரிவை ஒட்டியது. அங்கே 147ஆம் பிரிவு இந்தக் குற்றத்தை நேரடியாகவே சமரசத்துக்கு உரியதாக்கியிருக்கிறது. பிந்திச் சமரசம் செய்தால் செலவுத்தொகை கட்ட வேண்டும் என்று 2010இல் இந்திய உச்ச நீதிமன்றம் 10, 15, 20 வீதம் என்று படி வைத்தது, 2025 செப்டெம்பரில் அதை 5, 7.5, 10 என்று குறைத்தது. எதுவும் இங்கே செல்லாது. “15 நாள் முடியவில்லை, நீ வழக்குப் போட ஏலாது” என்று கிண்ணியாவில் ஒருவர் மற்றவருக்குச் சொல்வது, அயலூர் பஸ் நேரசூசியைப் பார்த்துவிட்டு எங்கள் பஸ் நிலையத்தில் நிற்பது போன்றது.

இங்கே நடைமுறை வேறு. சுருக்க விசாரணையில் தீர்ப்புக்கு முன் எந்த நேரத்திலும் வழக்காளி தன் வழக்கைக் கைவாங்க அனுமதி கேட்கலாம். போதிய காரணம் இருக்கிறது என்று நீதவான் திருப்திப்பட வேண்டும். திருப்திப்பட்டால் காரணத்தைப் பதிந்து எதிரியை விடுதலை செய்வார். இதில் “விடுதலை” என்பதை இரண்டு தரம் வாசியுங்கள். அதே செக்குக்கு அதே குற்றத்தை வைத்து மறுபடி வழக்குப் போட முடியாது. “இப்ப மூண்டு லட்சம் தாறன், வழக்கை எடுத்து விடுங்கோ, மிச்சத்தை மாசம் மாசம் தாறன்” என்ற பேச்சை நம்பி முதல் நாளே கைவாங்கியவர், பிடியை முழுதாக விட்டவர் ஆகிறார். மிச்சத்துக்கு அவர் மாவட்ட நீதிமன்றத்துக்குத்தான் போக வேண்டும்.

யார் வழக்காளி என்பதையும் பாருங்கள். முறைப்பாட்டாளர் தன் சட்டத்தரணி மூலம் நேரடியாக நீதவான் நீதிமன்றத்தில் போட்ட தனிப்பட்ட வழக்கு என்றால் அவரே கைவாங்கலாம். பொலிஸ் தாக்கல் செய்த வழக்கில் வழக்காளி பொலிஸ், செக் வைத்திருப்பவர் சாட்சி. “நாங்கள் இரண்டு பேரும் சமாதானம்” என்று சாட்சி மன்றில் சொன்னால் மட்டும் வழக்கு முடிந்துவிடாது. பொலிஸ் தரப்புக்கு முன்கூட்டியே அறிவித்து, அவர்கள் ஆட்சேபிக்காத நிலையில் கோர வேண்டும். பொலிஸ் சில வேளை தண்டனைச் சட்டக்கோவையின் 403ஆம் பிரிவு, அதாவது ஏமாற்றிப் பொருளைப் பெற்றமை, என்ற குற்றச்சாட்டையும் சேர்த்திருக்கும். அதற்குத் தண்டனை ஏழு வருடம் வரை. செக் குற்றச்சாட்டுக்கு மட்டும் இணக்கம் எழுதிவிட்டு மற்றதை மறந்தால், எதிரி காசையும் கட்டி வழக்கிலும் நிற்பார். குற்றப்பத்திரத்தில் எத்தனை குற்றச்சாட்டு என்று எண்ணிப் பார்த்துவிட்டுப் பேனையை எடுங்கள்.

இனி இணக்கப் பத்திரம். இங்கேதான் எல்லாம் கெடுகிறது.

ஒவ்வொரு செக்கையும் அதன் இலக்கம், வங்கி, கிளை, திகதி, தொகை, திரும்பிய நாள், வங்கி எழுதிய காரணம் ஆகியவற்றோடு தனி வரியில் எழுதுங்கள். இப்போது செக்குகள் படமாக்கப்பட்டே வங்கிகளுக்கிடையில் போகின்றன. ஆகவே திரும்பும்போது கையில் கிடைப்பது படம் அச்சிட்ட திரும்பல் அறிவித்தலாக இருக்கலாம், அதன் விபரத்தையும் சேருங்கள். ஒரே கடனுக்கு மூன்று செக் இருப்பது இங்கே சாதாரணம். முதல் செக் திரும்ப, வட்டி சேர்த்து இரண்டாவது, அதுவும் திரும்ப மூன்றாவது. பழையவற்றை யாரும் திருப்பி வாங்குவதில்லை. மூன்றாவது செக்குக்கு வழக்கு முடிந்த பிறகு, முதல் செக் வேறொருவர் கையிலிருந்து வெளிவரும். “இந்தக் கொடுக்கல் வாங்கல் தொடர்பாக இந்த இலக்கச் செக்குகள் தவிர வேறெதுவும் முறைப்பாட்டாளரிடமோ அவர் மூலம் பெற்றவரிடமோ இல்லை” என்ற ஒரு வசனம் இதைத் தடுக்கும். ஈடாக வைத்த காணி உறுதி, வாகனப் புத்தகம், நகை ஏதும் இருந்தால் அது எந்த நாள் திரும்பும் என்பதையும் அதே பத்திரத்தில் எழுதுங்கள்.

அடுத்தது தொகை. செக்கில் உள்ள எண்ணும் உண்மையில் வரவேண்டிய எண்ணும் ஒன்றாக இருக்க வேண்டியதில்லை. முதல்தொகை எவ்வளவு, இதுவரை கட்டியது எவ்வளவு, வட்டி எவ்வளவு, வழக்குச் செலவை யார் ஏற்பது என்று நான்கையும் பிரித்து எழுதுங்கள். அநியாய வட்டிக்குக் கடன் கொடுக்கும் மீற்றர் வட்டிக்காரர் வெற்றுச் செக்கில் கையொப்பம் வாங்கி, பிறகு தான் விரும்பிய எண்ணை நிரப்பிய வழக்குகளில் இது மிக முக்கியம். அப்படிக் கையொப்பம் வைத்துக் கொடுத்தவர் பயத்தில் செக் தொகைக்கு அப்படியே ஒப்புக்கொள்ளக் கூடாது. கொடுத்த கணக்கைக் கேட்க வேண்டும். வட்டி நிலுவை முதலை விஞ்சி அறவிட முடியாது என்ற விதி எங்கள் சட்டத்தில் பழைய காலம் தொட்டே உண்டு. அநியாயமான கடன் கொடுக்கலை நீதிமன்றம் மறுபடி திறந்து பார்க்க 1918ஆம் ஆண்டின் பணக்கடன் கட்டளைச்சட்டம் வழி வைத்திருக்கிறது. இவை சிவில் நீதிமன்ற விடயங்கள் என்றாலும், விறாந்தையில் பேரம் பேசும்போது கைகொடுக்கும்.

தவணையை எப்படிப் போடுவது? மாதம் மாதம் சமமாகப் பிரிப்பதுதான் எல்லாருக்கும் முதலில் வருகிற யோசனை, இந்த மாவட்டத்தில் அதிகம் முறிவதும் அதுதான். நெல் வியாபாரிக்குப் பெரும்போக அறுவடை பெப்ரவரி, மார்ச்சிலும் சிறுபோகம் ஆகஸ்ட், செப்டெம்பரிலும் காசு தரும். நிலாவெளி, உப்புவெளி விடுதிக்காரருக்கு மே முதல் செப்டெம்பர் வரை. கரையோர மீனவருக்கு வடகீழ்ப் பருவக்காற்று வீசும் நவம்பர், டிசம்பரில் கடலே இல்லை. 960,000 ரூபா கடனை எடுத்துக்கொள்வோம். நெல் வியாபாரி ஒருவர் செப்டெம்பரில் இணங்குகிறார். பன்னிரண்டு மாதத்துக்கு 80,000 என்று எழுதினால் நவம்பரில் முதல் தவறு விழும், டிசம்பரில் சண்டை வரும். அதற்குப் பதிலாகக் கையொப்பமிடும் நாளில் 240,000, ஒக்டோபர் முதல் மார்ச் வரை மாதம் 40,000, பெரும்போக நெல் விற்று முடியும் ஏப்ரல் 10க்குள் மீதி 480,000 என்று போட்டால் கட்டக்கூடும். முறைப்பாட்டாளருக்கும் ஐந்து மாதம் முந்தியே முழுக்காசும் வந்துவிடும். எதிரியின் தொழிலைக் கேட்காமல் தவணை போடுகிறவர் தன் காசைத் தானே பிந்தப்பண்ணுகிறார்.

தவணைக்குப் புதிய செக் வாங்கவே வாங்காதீர்கள். ஆறு தவணைக்கு ஆறு பின்திகதிச் செக் வாங்கிக்கொண்டு பழைய வழக்கை முடிப்பதைப் பலர் கெட்டித்தனம் என்று நினைக்கிறார்கள். ஒரு செக் வழக்கை விட்டுவிட்டு ஆறு செக் வழக்குக்கு விதை போடுகிற வேலை அது. அதிலும் எதிரியிடம் காசில்லை என்று தெரிந்துகொண்டுதான் வாங்கினீர்கள் என்ற வாதத்தை நீங்களே அவர் கையில் கொடுக்கிறீர்கள். பழைய கடன் தீர்ந்து புதிய கடன் பிறந்துவிட்டது என்ற வாதமும் பின்னால் வரும். வங்கிக் கணக்கு இலக்கத்தைப் பத்திரத்தில் எழுதி, அதற்கு மட்டுமே வைப்பிலிட வேண்டும் என்று வையுங்கள். வைப்புச் சிட்டையே பற்றுச்சீட்டு. அல்லது வழக்குத் தவணை நாட்களில் திறந்த மன்றில் கொடுத்துப் பதிவுசெய்யக் கேளுங்கள். பொலிஸ் நிலையத்தில் வைத்துக் காசு கொடுக்கும் பழக்கம் இன்னும் போகவில்லை. கடன் அறவிடுவது பொலிஸின் வேலை அல்ல. அங்கே கொடுத்த காசுக்குச் சாட்சியாக இருந்த உத்தியோகத்தர் இடமாற்றம் பெற்றுப் போனால், கொடுத்தது எவ்வளவு என்பது இரண்டு வாய்களின் சொல்லாகிவிடும்.

தவறினால் என்ன? இந்த வசனம் இல்லாத பத்திரம் வெறும் கடிதம். ஒரு தவணை எத்தனை நாள் பிந்தலாம் (ஏழு நாள் நியாயம்), அதற்கு மேல் போனால் மீதி முழுவதும் ஒரேயடியாகக் கொடுக்க வேண்டியதாகும், வழக்கு விசாரணைக்குப் போகும் என்று எழுத வேண்டும். வழக்கு விசாரணைக்குப் போவதென்றால் அது உயிரோடு இருக்க வேண்டும். ஆகவே கடைசித் தவணை கட்டிய பிறகே கைவாங்கல் என்பதையும், அதுவரை வழக்கை இணக்கத்துக்காக ஒத்திவைக்கும்படி இரு தரப்பும் மன்றைக் கேட்பதையும் பத்திரத்திலேயே வையுங்கள். எதிரி தரப்பு இதற்குத் தயங்கும், அது இயற்கை. முக்கால்வாசி கட்டியதும் பிரயாணத் தடையை நீக்க ஆட்சேபிக்க மாட்டோம் என்பது போன்ற ஒரு விட்டுக்கொடுப்பு நடுவழியாக அமையும்.

குற்றத்தை ஒப்புக்கொள், தண்டனையை ஒத்திவைக்கச் சொல்லிக் காசைக் கட்டு என்ற வழியும் நடக்கிறது. முறைப்பாட்டாளருக்கு அது பலம். ஆனால் எதிரிக்குக் காசு கட்டி முடிந்த பிறகும் குற்றவாளி என்ற பதிவு நிற்கும். வெளிநாட்டு விசாவுக்கும் அரச ஒப்பந்தத்துக்கும் போகிறவர் இந்த வித்தியாசத்தைத் தெரியாமல் தலையாட்டக் கூடாது.

இணங்கியாயிற்று என்ற நிம்மதியில் எதிரி வழக்குத் தவணை நாளில் மன்றுக்கு வராமல் விடுவது இன்னொரு பெரிய கோளாறு. கட்டளை எழுதப்படும் வரை வழக்கு வழக்குத்தான். வராவிட்டால் பிடியாணை போகும், பிணையாளிகளுக்கு அறிவித்தல் போகும். காசு முழுவதும் கட்டியவர் பிடியாணையில் பிடிபடுவது வேடிக்கையான விடயமல்ல. முடிந்த நாளில் விடுதலைக் கட்டளையின் அத்தாட்சிப்படுத்திய பிரதியைப் பதிவாளர் அலுவலகத்தில் விண்ணப்பித்து எடுங்கள். கடவுச்சீட்டு மன்றில் இருந்தால், அல்லது பிரயாணத் தடை போட்டிருந்தால், அதை நீக்கிக் குடிவரவு குடியகல்வுத் திணைக்களத்துக்கு அறிவிக்கும்படி தனியாகக் கோர வேண்டும். அது தானாக நடக்காது என்று கட்டாருக்குப் போக விமான நிலையத்தில் நிற்கும்போதுதான் சிலருக்குத் தெரிகிறது. மன்றில் சான்றுப்பொருளாக இருக்கும் மூலச் செக்கையும் அன்றே கேளுங்கள்.

சிவில் காலக்கெடு பற்றிப் பெரும்பாலானோர் யோசிப்பதில்லை. கடனுக்குப் பொருள் விற்ற காசுக்கு ஒரு வருடம், எழுத்தில் இல்லாத உடன்படிக்கைக்கு மூன்று வருடம், எழுத்து வாக்குறுதிக்கும் செக் போன்ற மாற்றுண்டியலுக்கும் ஆறு வருடம் என்பது காலாவதிக் கட்டளைச்சட்டத்தின் கணக்கு. நீதவான் நீதிமன்றத்தில் வழக்கு நடக்கிறது என்பதற்காக இந்தக் கடிகாரம் நிற்காது. ஹார்ட்வெயார் கடைக்காரர் இரண்டு வருடம் குற்றவியல் வழக்கில் இழுபட்டு, அது தோற்ற பிறகு பற்றுச்சீட்டுப் புத்தகத்தோடு சிவில் வழக்குக்குப் போனால் பொருள் விற்ற கணக்கில் காலம் கடந்திருக்கும், செக்கை வைத்துத்தான் வழக்காட முடியும். கையொப்பமிட்ட இணக்கப் பத்திரத்தில் “இவ்வளவு தரவேண்டியுள்ளது” என்ற ஒப்புதல் இருந்தால் அந்த நாளிலிருந்து கணக்குப் புதிதாகத் தொடங்கும். கையில் செக் இருக்கும்போது மாவட்ட நீதிமன்றத்தில் சிவில் நடைமுறைச் சட்டக்கோவையின் 53ஆம் அத்தியாயச் சுருக்க நடைமுறையும் இருக்கிறது. எதிராளி மன்றின் அனுமதி பெற்றால்தான் எதிர்வாதம் செய்யலாம். குற்றவியல் வழக்கு மட்டுமே ஆயுதம் என்று நினைப்பவர்கள் இதைச் சட்டத்தரணியிடம் கேட்டுப் பார்க்கலாம்.

சிறிய தொகைகளுக்கு நீதிமன்றம் வரமுதலே மத்தியஸ்த சபை இருக்கிறது. 1988ஆம் ஆண்டின் 72ஆம் இலக்கச் சட்டப்படி அமைந்தது. மூன்று மத்தியஸ்தர்கள் உட்கார்ந்து கேட்பார்கள், கட்டணம் என்று ஒன்றுமில்லை. யாரையும் வற்புறுத்த அவர்களுக்கு அதிகாரமில்லை, அதுவே அங்கே பேச்சு நன்றாக நடப்பதற்கும் காரணம். இணங்காவிட்டால் இணங்காமைச் சான்றிதழ் வாங்க மறக்க வேண்டாம்.

கடைசியாக மொழி. வடக்கு, கிழக்கில் நீதிமன்ற மொழி தமிழ். ஆனால் பொலிஸ் நிலையத்தில் எழுதப்படும் இணக்கக் கூற்றுகள் சிங்களத்தில் இருக்க, வாசிக்கத் தெரியாத இரண்டு தமிழ் பேசும் ஆட்கள் அதன் கீழே கையொப்பமிடுவது நடக்கிறது. என்ன எழுதியிருக்கிறது என்று பிறகுதான் தேடுகிறார்கள். கூற்றைத் தமிழில் எழுதும்படி கேட்க இருவருக்கும் உரிமை உண்டு. திருகோணமலைச் சட்டத்தரணிகளும் வர்த்தகர்களும் கூடி, மேலே சொன்ன வசனங்களோடு இரண்டு பக்கத்தில் தமிழில் ஒரு மாதிரிப் பத்திரத்தைத் தயாரித்தால், அதை மத்தியஸ்த சபை கூடும் இடங்களிலும் பிரதேச செயலகங்களிலும் வைக்கலாம். உங்கள் பத்திரிகை அதை ஒரு நாள் முழுமையாக அச்சிட முன்வருமானால், வெட்டி எடுத்துக் கல்லாப்பெட்டியில் வைத்துக்கொள்ளும் கடைக்காரர்கள் மூதூரிலும் கந்தளாயிலும் நிறையப் பேர் இருப்பார்கள்.

இப்படிக்கு,
வழக்குக் கோப்புகளோடு பழகும் வாசகர் ஒருவர்,
உவர்மலை, திருகோணமலை.